பச்சை பெல்ட்டும் ஒரு தட்டச்சுப் பிழையும்

1998 மார்ச் 21 அன்று பெர்லினில் கிராசியானோ ரோக்கிஜியானி என்ற ஜெர்மானியர், அமெரிக்கரான மைக்கேல் நன்னை வென்று லைட் ஹெவிவெயிட் உலக சாம்பியன் ஆனார். ஆனதாகத்தான் அவரும் அரங்கில் இருந்தவர்களும் நம்பினார்கள். காலியாகக் கிடந்த டபிள்யூபிசி பட்டத்துக்கான சண்டை அது. டபிள்யூபிசி வெளியிட்ட தரவரிசையிலும் சாம்பியன் என்று அவர் பெயர்தான் வந்தது. பிறகு பட்டியல் மாறியது. ரோக்கிஜியானி வெறும் 'இடைக்கால' சாம்பியன். பட்டத்தை விட்டுப்போயிருந்த ராய் ஜோன்ஸ் ஜூனியர்தான் இன்னும் சாம்பியன். அப்படியென்றால் முன்பு வந்த பட்டியல்? அது தட்டச்சுப் பிழையாம்.

மென்பொருள் எழுதிப் பிழைக்கிறவன் என்பதால் இந்த விளக்கத்தை முதல்முறை படித்தபோது வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். டேட்டாபேஸில் ஒரு வரியை மாற்றிவிட்டு 'டைப்போங்க, வேற ஒண்ணுமில்ல' என்று சொல்கிற குரல் எனக்கு நன்றாகப் பழக்கம். ஆனால் எங்கள் தொழிலில் யார் மாற்றினார், எந்த நேரத்தில் மாற்றினார் என்பது லாகில் நிற்கும். குத்துச்சண்டையில் அப்படியொரு லாக் கிடையாது. ரோக்கிஜியானி நியூயார்க் நீதிமன்றத்துக்குப் போனார். 3 கோடி டாலருக்கும் மேல் இழப்பீடு என்று தீர்ப்பானது. டபிள்யூபிசி திவால் மனு போட்டது. 2004-இல் அமைப்பையே கலைக்க வேண்டியதுதான் என்ற நிலை வந்து, கடைசி நேரத்தில் சமரசத்தில் பிழைத்தது.

அந்த அமைப்பின் தலைவர் ஹோசே சுலைமான். 1975 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்டவர், 2014 ஜனவரியில் சாகும்வரை அந்த நாற்காலியில் இருந்தார். 38 வருடம். இந்தக் காலத்தில் அலி ஓய்வுபெற்றார், டைசன் வந்து போனார், சோவியத் யூனியனே இல்லாமல் போனது. சுலைமான் மட்டும் இருந்தார்.

குத்துச்சண்டை பற்றி நாம் படிப்பதெல்லாம் கயிற்றுக்குள் நடப்பதைத்தான். கயிற்றுக்கு வெளியே கோட்டு போட்டு உட்கார்ந்திருக்கும் ஆளைப் பற்றி எழுத யாருக்கும் ஆர்வமில்லை. எழுதினாலும் இரண்டே வகை. ஒன்று, அவர் விளையாட்டைக் காப்பாற்றிய மகான். 2007-இல் ஹால் ஆஃப் ஃபேமில் சேர்த்தார்கள், அதற்கு மேல் என்ன வேண்டும் என்பார்கள். இரண்டு, அவர் புரமோட்டர் டான் கிங்கின் கைப்பாவை. இரண்டையும் ஓரளவு படித்த பிறகு, இந்த வாழ்க்கையை நல்லது ஒரு பக்கம், கெட்டது ஒரு பக்கம் என்று கணக்கு எழுதவே முடியாது என்று எனக்குப் படுகிறது. நல்லதைச் செய்த அதே அதிகாரம்தான் கெட்டதையும் செய்திருக்கிறது.

மெக்சிகோவின் சியூதாத் விக்டோரியாவில் 1931-இல் பிறந்தவர் சுலைமான். லெபனான் வழிவந்த குடும்பம். இளவயதில் அமெச்சூராகக் குத்தியிருக்கிறார், பிறகு நடுவராகவும் இருந்திருக்கிறார். டபிள்யூபிசி 1963-இல் மெக்சிகோ அதிபர் லோபெஸ் மாதேயோஸின் முன்முயற்சியில் உருவானது. அதுவரை தொழில்முறைக் குத்துச்சண்டையை நடத்தியவர்கள் பெரும்பாலும் அமெரிக்கர்கள். உலகப் பட்டம் என்று பெயர், முடிவெடுப்பதோ ஒரே ஒரு நாடு என்ற நிலைமீதான கோபம் அந்த அமைப்பின் பிறப்பிலேயே இருந்தது. இந்தக் கோபத்தைக் கணக்கில் எடுக்காமல் சுலைமானைப் படித்தால் தப்பாகத்தான் படிப்போம். அமெரிக்கப் பத்திரிகையாளர்கள் பலர் அப்படித்தான் படித்தார்கள். அவர்களுடைய கிண்டலில் ஒரு பங்கு, மெக்சிகோக்காரன் நமக்குச் சட்டம் சொல்வதா என்ற எரிச்சல்.

நிறவெறி தென்னாப்பிரிக்காவை அவர் காலத்து டபிள்யூபிசி ஒதுக்கியே வைத்திருந்தது. போட்டி அமைப்பான டபிள்யூபிஏ 1979-இல் ஹெவிவெயிட் பட்டச் சண்டையையே பிரிட்டோரியாவில் நடத்தியது, ஜான் டேட்டுக்கும் கெர்ரி கோட்சியாவுக்கும். அங்கே பணம் இருந்தது. சுலைமான் அந்தப் பணத்தைத் தொடவில்லை. இதை அவரை வெறுப்பவர்களும் ஒப்புக்கொண்டே ஆக வேண்டும்.

அவர் பெயரைப் பெரிதாக்கியது 1982. நவம்பர் 13, லாஸ் வேகஸ். ரே மான்சினியிடம் 14-ஆவது ரவுண்டில் விழுந்த கொரியர் கிம் டுக்-கூ, சில நாள்களில் இறந்துபோனார். அது டபிள்யூபிஏ பட்டச் சண்டை. சுலைமானின் அமைப்புக்குச் சம்பந்தமே இல்லை. அவர் நினைத்திருந்தால் ஒரு இரங்கல் அறிக்கையோடு நகர்ந்திருக்கலாம். ஆனால் சில வாரங்களிலேயே தன் பட்டச் சண்டைகள் எல்லாம் இனி 15 இல்லை, 12 ரவுண்டு என்று அறிவித்துவிட்டார். யாருடைய வளையத்தில் அந்தச் சாவு நடந்ததோ அந்த டபிள்யூபிஏ 1987-இல்தான் மாறியது. ஐபிஎஃப் அதற்கும் அடுத்த வருடம்.

இதற்கு எதிராக இரண்டு வாதங்கள் உண்டு. முதலாவது தொலைக்காட்சி. 15 ரவுண்டு என்றால் இடைவேளைகளையும் சேர்த்து 59 நிமிடம். 12 என்றால் 47. ஒரு மணிநேர ஒளிபரப்பில் அறிமுகம், விளம்பரம், பேட்டி எல்லாம் அடங்குவது எதில் என்று யாரும் கணக்குப் போட்டுக்கொள்ளலாம். உயிர்காக்கும் சீர்திருத்தம் விளம்பரதாரருக்கும் வசதியாக அமைந்தது என்பதற்காக அது பொய்யாகிவிடாது. இந்த வாதம் எனக்குப் பெரிதாகப் படவில்லை.

இரண்டாவது வாதம்தான் தொந்தரவு செய்கிறது. எண்பதுகளில் எடை பார்ப்பதும் சண்டை நாள் காலையிலிருந்து முந்தைய நாளுக்கு நகர்ந்தது. இதையும் பாதுகாப்பு என்றே சொன்னார்கள்: உடலை வற்றவைத்து எடை குறைத்தவன் தண்ணீர் குடித்துத் தேற ஒரு நாள் கிடைக்கும். நடந்தது வேறு. ஒரு நாள் கிடைக்கிறதே என்று குத்துச்சண்டைக்காரர்கள் இன்னும் அதிகமாக வற்றவைத்துக்கொண்டார்கள். தராசில் சமமாக நின்ற இருவர் மறுநாள் ரிங்கில் ஏறும்போது பல கிலோ வித்தியாசத்தில் நிற்பது இன்று சாதாரணம். ஒரு பிழையைத் திருத்தப் போட்ட பேட்ச், வேறு இடத்தில் புதிய பிழையைத் திறந்துவிட்ட கதை. அதைத் திருப்பி எடுக்க யாருக்கும் துணிச்சல் வரவில்லை.

பறிபோன மூன்று ரவுண்டுகளின் துக்கம் தனி. 1941-இல் ஜோ லூயியை 12 ரவுண்டுவரை புள்ளிகளில் முந்திக்கொண்டிருந்தார் பில்லி கான், 13-இல் வீழ்ந்தார். 1981-இல் சுகர் ரே லெனார்ட் 14-ஆவது ரவுண்டில்தான் ஹெர்ன்ஸை முடித்தார். அதுவரை மூன்று நீதிபதிகளிடமும் ஹெர்ன்ஸ் முன்னால் இருந்தார். புது விதிப்படி இவ்விரண்டு சண்டைகளிலும் தோற்றவர்களே வென்றிருப்பார்கள். பழைய சண்டைகளைத் தேடித்தேடிப் பார்க்கிற எனக்கு, கடைசி மூன்று ரவுண்டுகளில் ஒரு மனிதனிடமிருந்து வெளிவரும் அந்த ஏதோ ஒன்றின் மேல் ஆசை இருக்கிறது. கிம்மின் வயது 20-களில் இருந்தது என்பதை நினைத்தால் அந்த ஆசை கூசுகிறது. சுலைமான் இந்த இடத்தில் சரி. முழுக்கச் சரி.

ஆனால் ஒரே ஆள், சில வாரத்தில், யாரையும் கேட்காமல் ஒரு நூற்றாண்டுப் பழக்கத்தை மாற்ற முடிகிறதென்றால், அதே ஆள் வேறு எதையெல்லாம் மாற்ற முடியும்?

1990 பிப்ரவரி 11, டோக்கியோ. பஸ்டர் டக்ளஸ் பத்தாவது ரவுண்டில் மைக் டைசனை வீழ்த்தினார். உலகமே பார்த்தது. எட்டாவது ரவுண்டில் டக்ளஸ் விழுந்தபோது நடுவர் மெய்ரான் எண்ணியது மெதுவாக இருந்தது என்று டான் கிங் கொதித்தார். உட்கார்ந்திருப்பவரின் கடிகாரம் என்ன சொன்னாலும், விழுந்து கிடப்பவன் பார்ப்பது நடுவரின் விரல்களைத்தான். ஒன்பதில் எழுந்தால் எழுந்ததுதான். இது இந்த விளையாட்டின் அரிச்சுவடி. நடுவராக இருந்த சுலைமானுக்கு இது தெரியாதா? இருந்தும் அவரும் டபிள்யூபிஏ தலைவர் மென்டோசாவும் டக்ளஸை அங்கீகரிக்காமல் நிறுத்திவைத்தார்கள். ஊரே காறித் துப்பியது. சில நாளில் பின்வாங்கினார்கள்.

அன்று உடனே, தயங்காமல், டக்ளஸ்தான் சாம்பியன் என்று சொன்னது யார் தெரியுமா? ஐபிஎஃப் தலைவர் பாப் லீ. நேர்மையின் குரலாக அந்த வாரம் அவர் தெரிந்தார். 1999-இல் தரவரிசையில் இடம் தர லஞ்சம் வாங்கியதாக அதே பாப் லீமீது அமெரிக்க அரசு வழக்குப் போட்டது. பெரிய குற்றச்சாட்டுகளிலிருந்து தப்பினாலும், பணமோசடி, வரி ஏய்ப்பு ஆகியவற்றில் குற்றவாளி என்று தீர்ப்பாகி 22 மாதச் சிறைத்தண்டனை பெற்றார். இந்த உலகத்தில் நல்லவன் கெட்டவன் தேடப் போனால் இப்படித்தான் மண்டை காயும். சுலைமான்மீது அப்படியொரு தண்டனை எதுவும் கிடையாது. கிங்கோடு நெருக்கம் என்ற குற்றச்சாட்டைக் கடைசிவரை மறுத்தார். எனக்கு அந்த நெருக்கத்தைவிட முக்கியமாகப் படுவது, அது தேவைப்பட்ட அமைப்புமுறை.

சாம்பியனின் சம்பளத்தில் சுமார் 3 சதவீதம், இதுதான் இந்த அமைப்புகளின் வருமானம். அப்படியென்றால் பெரிய சம்பளம் வரும் சண்டை வேண்டும்; பட்டம் எவ்வளவு அதிகமோ கட்டணமும் அவ்வளவு. இடைக்கால சாம்பியன், வெள்ளி சாம்பியன், வைர சாம்பியன், ஓய்வுபெற்றவருக்கு 'எமரிட்டஸ்' சாம்பியன் என்று நகைக்கடை போர்டு மாதிரி நீண்டது அப்படித்தான். ஒவ்வொரு பட்டத்துக்கும் ஒரு காரணம் சொல்லப்பட்டது. தனித்தனியாகக் கேட்டால் எல்லாமே நியாயமாகக்கூட இருக்கும்.

இந்த வாழ்க்கையின் தொடக்கத்துக்குப் போனால் எல்லாம் 1978-லேயே இருக்கிறது. எட்டாவது தொழில்முறைச் சண்டையிலேயே அலியை வென்று அதிரவைத்த லியான் ஸ்பிங்ஸ், டபிள்யூபிசி சொன்ன கென் நார்ட்டனோடு மோதாமல் அலியோடு மறுசண்டைக்கு ஒப்புக்கொண்டார். சுலைமான் பட்டத்தைப் பறித்தார். முந்தைய வருடம் நார்ட்டன் ஜிம்மி யங்கை வென்றதைப் பின்தேதியிட்டுப் பட்டச் சண்டையாக்கி, அவரையே சாம்பியன் என்று அறிவித்தார். விதிப்படி சரி. தகுதிப்படியும் நார்ட்டனுக்குக் குறைவில்லை. அலியின் தாடையை உடைத்தவர். அந்த ஜூனில் லாரி ஹோம்ஸிடம் நார்ட்டன் பட்டத்தை இழந்தார், ஒரு மயிரிழையில். அந்தச் சண்டையின் 15-ஆவது ரவுண்டைப் பார்க்காதவர்கள் தயவுசெய்து பாருங்கள். இருவரும் கைகளைத் தூக்கவே தெம்பில்லாமல் தூக்குகிறார்கள். அதைச் சாத்தியமாக்கியவரும், அப்படியொரு ரவுண்டு இனி இல்லை என்று ஆக்கியவரும் ஒரே மனிதர்.

நார்ட்டன் பட்டத்துக்காக ரிங்கில் ஏறியது மூன்று முறை. ஃபோர்மன், அலி, ஹோம்ஸ். மூன்றிலும் தோல்வி. பட்டச் சண்டை ஒன்றைக்கூட ஜெயிக்காத உலக சாம்பியன். 1992-இல் ரிடிக் போ, டபிள்யூபிசி சொன்ன லெனாக்ஸ் லூயிஸைத் தவிர்க்கிற சண்டையில், லண்டன் பத்திரிகையாளர் கூட்டத்தில் பச்சை பெல்ட்டைக் குப்பைத்தொட்டியில் போட்டார். லூயிஸ் ஒரு குத்துகூட விடாமல் சாம்பியன் ஆனார்.

சுலைமான் இறந்த சில வாரங்களில் அவர் மகன் மொரிசியோ தலைவரானார். 2019-இல் மிடில்வெயிட் சாம்பியன் கனெலோ அல்வாரெஸுக்கு 'ஃபிராஞ்சைஸ் சாம்பியன்' என்று புதிதாக ஒரு பட்டம் சூட்டினார்கள். அவர் மேலே போனதும் இடைக்கால சாம்பியனாக இருந்த ஜெர்மால் சார்லோ முழு சாம்பியன் ஆனார். அன்று சார்லோவுக்குச் சண்டை எதுவும் இல்லை.