அசையாத கேமரா

ஸ்வீடிஷ் இயக்குநர் ராய் ஆண்டர்சனின் பிற்காலப் படங்களில் கேமரா அநேகமாக அசைவதே இல்லை. ஒரு காட்சிக்கு ஒரே ஷாட். முகத்தருகே போகும் குளோசப் கிடையாது. மங்கிய பச்சையும் சாம்பலும் கலந்த அறைகள், மாவு பூசியதுபோல் வெளிறிய முகங்கள், கதவுக்கு அப்பாலும் துலக்கமாகத் தெரியும் இன்னோர் அறை. இந்தச் சட்டகத்துக்குள்தான் அவருடைய இருண்ட நகைச்சுவை பிறக்கிறது.

1943இல் ஸ்வீடனின் கோதன்பர்க்கில் பிறந்தவர். முதல் படமான ‘ஒரு ஸ்வீடிஷ் காதல் கதை’ (1970) கொண்டாடப்பட்டது. ‘கிலியாப்’ (1975) தோற்றது. அதன்பின் கால் நூற்றாண்டு முழுநீளப் படமே எடுக்காமல் விளம்பரப் படங்களில் உழைத்தார். ஸ்டாக்ஹோமில் அவர் நிறுவிய ‘ஸ்டுடியோ 24’இல் தெருவும் மதுக்கூடமும்கூட அரங்கமாகவே எழுப்பப்பட்டன. அங்கே உருவான ‘இரண்டாம் மாடியிலிருந்து பாடல்கள்’ 2000இல் கான் விழாவில் நடுவர் பரிசு பெற்றது. அந்தப் படத்தில், காப்பீட்டுப் பணத்துக்காகத் தன் மரச்சாமான் கடைக்கே தீ வைத்தவர், உடம்பெல்லாம் கரியோடு ரயிலில் நிற்கிறார். சுற்றியிருக்கும் பயணிகளோ வாய் திறந்து சேர்ந்திசை பாடுகிறார்கள்.

2014இல் வெனிஸில் தங்கச் சிங்கம் வென்ற ‘கிளையில் அமர்ந்து வாழ்வை யோசித்த புறா’ அவருடைய கலையின் உச்சம் என்றே சொல்லலாம். அதில் கப்பல் உணவகம் ஒன்றில் ஒருவர் இறந்து கிடக்கிறார். அவர் வாங்கிய இறால் சாண்ட்விச்சும் பியரும் கல்லாவில் அப்படியே இருக்கின்றன. காசு கொடுத்தாயிற்று, யாருக்காவது வேண்டுமா என்று கேட்கிறார் கல்லாக்காரப் பெண். சிறு தயக்கத்துக்குப்பின் ஒருவர் வந்து பியரை எடுத்துக்கொள்கிறார். வேறொரு இயக்குநர் இறந்தவரின் முகத்தைக் காட்டி நம்மை உருக வைத்திருப்பார். ஆண்டர்சன் தள்ளியே நிற்பதால் நாமும் அந்த வேடிக்கை பார்க்கும் கூட்டத்தில் ஒருவராகிவிடுகிறோம். சிரிப்பு வருகிறது, கூடவே கூச்சமும். அதே படத்தில் பலர் தொலைபேசியில் ‘நீங்கள் நலம் என்பதில் மகிழ்ச்சி’ என்கிறார்கள். அவர்களுள் ஒருத்தி பேசும்போது, பக்கத்திலேயே ஆய்வுக்கூடக் குரங்கொன்று மின்னதிர்ச்சியில் துடிக்கிறது.

தள்ளி நிற்கும் இந்த முறை எல்லா இடத்திலும் ஒரே அளவு பலிப்பதில்லை. சில துணுக்குகள் வெறும் துணுக்குகளாகவே நின்றுவிடுகின்றன. ஆனால் ‘முடிவின்மை குறித்து’ (2019) படத்தின் பாதிரியார் காட்சியில் அது முழுதாகக் கைகூடுகிறது. நம்பிக்கை இழந்துவிட்டேன், என்ன செய்வேன் என்று அழுதுகொண்டு மருத்துவரிடம் வருகிறார் அவர். மருத்துவரும் உதவியாளரும் சேர்ந்து அவரை வெளியே தள்ளிக் கதவைச் சாத்துகிறார்கள். மருத்துவர் பஸ்ஸைப் பிடிக்க வேண்டும்.