கத்தரி யார் கையில்: மார்கரெட் பூத் பற்றிச் சில குறிப்புகள்

மார்கரெட் பூத் 2002ஆம் ஆண்டு அக்டோபரில் இறந்தபோது அவருக்கு வயது 104. அவரைப் பற்றி இணையத்தில் கிடைக்கும் கட்டுரைகளில் பெரும்பாலானவை ஒரே அச்சில் வார்த்தவை. மறக்கப்பட்ட பெண் முன்னோடி, ஆண்கள் உலகில் ஜெயித்தவர், 1978ல் கௌரவ ஆஸ்கர். எதுவும் பொய் இல்லை. ஆனா படிச்சு முடிச்சதும் ஒரு கேள்வி பாக்கி நிற்கும். இந்த அம்மா வெட்டியது நல்லா இருந்ததா? அதை யாரும் கேட்பதில்லை. முன்னோடி என்று சொல்லிவிட்டால் விமர்சனம் தேவையில்லை என்று ஆகிவிடுகிறது. அது அவருக்குச் செய்யும் மரியாதை இல்லை என்பது என் கட்சி.

ஆரம்பம் துக்கத்தில். அண்ணன் எல்மர் பூத் கிரிஃபித்தின் படங்களில் நடித்தவர். 1912ல் வந்த 'தி மஸ்கட்டியர்ஸ் ஆஃப் பிக் ஆலி'யில் அவருடைய ரவுடி வேஷம் இன்றைக்கும் பேசப்படுகிறது. 1915ல் கார் விபத்தில் போய்விட்டார். வண்டியை ஓட்டியவர் டாட் பிரௌனிங், பின்னாளில் 'டிராகுலா' எடுத்தவர். வீட்டுக்கு வருமானம் வேணுமே என்று கிரிஃபித் தங்கைக்கு ஒரு வேலை போட்டுக் கொடுத்தார். பிலிம் ஒட்டும் வேலை. ஸ்டுடியோக்காரர்கள் அதைக் கிட்டத்தட்ட தையல் வேலையாகத்தான் பார்த்தார்கள், அதனால்தான் அங்கே அவ்வளவு பெண்கள்.

அந்த வேலையைக் கொஞ்சம் கற்பனை செய்து பார்க்கணும். பிலிம் ஓரத்தில் எண்கள் கிடையாது. நெகடிவையும் பாசிடிவையும் வெளிச்சத்தில் பிடித்து, கண்ணால் பார்த்தே பொருத்தணும். லில்லியன் கிஷ்ஷின் குளோசப் நீளத்துக்கு ஓடும். ஒரு ஃபிரேமுக்கும் அடுத்த ஃபிரேமுக்கும் இமை அசைவுதான் வித்தியாசம். கெவின் பிரௌன்லோவின் 'தி பரேட்ஸ் கான் பை' புத்தகத்தில் பூத் இதையெல்லாம் சொல்கிறார். அதிலேயே இன்னொரு விஷயமும் உண்டு. ஊமைப்படக் காலத்தில், சிப்பாய்கள் அணிவகுப்பு மாதிரி ஒரு காட்சி வந்தால் வாயால் எண்ணிக்கொண்டே வெட்டுவாராம். நம்ம ஊர்க் கச்சேரியில் தொடையில் தாளம் போட்டபடி உட்கார்ந்திருப்பவர்களை நினைத்துக்கொள்ளுங்கள். பாட்டு காதில் விழாது, தாளம் மட்டும்.

கிரிஃபித்துக்குப் பிறகு லூயி பி. மேயரிடம் போகிறார். அங்கே இயக்குநர் ஜான் ஸ்டால் வெட்டும்போது பக்கத்தில் நின்று பார்த்துக் கற்றுக்கொண்டார். ராத்திரியில் எல்லோரும் போன பிறகு, ஸ்டால் ஒதுக்கிப்போட்ட துண்டுகளை எடுத்துத் தன் இஷ்டத்துக்கு ஒட்டிப் பார்ப்பார். ஒருநாள் ஸ்டாலுக்கு ஒரு காட்சி படியவே இல்லை. இந்தப் பெண் ஒட்டி வைத்திருந்ததைப் பார்த்தார், அதையே படத்தில் வைத்துக்கொண்டார். கம்பெனி எம்.ஜி.எம். ஆனபோது கூடவே போனார். அங்கே இர்விங் தால்பெர்க் டைரக்‌ஷன் பண்ணச் சொல்லியும் மறுத்துவிட்டார் என்கிறார்கள். 'கட்டர்' என்ற பெயர் போய் 'ஃபிலிம் எடிட்டர்' என்ற பெயர் வந்ததே தால்பெர்க் இவரை அப்படி அழைத்ததால்தான் என்றும் ஒரு கதை உண்டு. கதையோ நிஜமோ, தமிழில் நாம் இந்தத் தொழிலுக்கு 'படத்தொகுப்பு' என்று பேர் வைத்து, வெட்டுவதை மறைத்துவிட்டோம். தொகுப்பது என்றால் சேர்ப்பது. பூத்தின் பின்பாதி வாழ்க்கையைப் புரிந்துகொள்ள அந்தச் சொல் உதவாது.

முன்பாதிக்கு உதவும். 'மியூட்டினி ஆன் தி பௌன்டி' (1935) பார்த்தவர்களுக்குக் கப்பல் கிளம்பும் இடம் ஞாபகம் இருக்கும். கயிறு, பாய், ஓடும் கால்கள், மேலே ஏறும் உடம்புகள். ஒவ்வொரு துண்டும் முந்தையது முடிவதற்குச் சற்று முன்பே வந்துவிடுகிறது. எண்ணி வெட்டும் பழக்கம் பேசும்படத்திலும் அப்படியே இருக்கிறது. அவருடைய ஒரே ஆஸ்கர் பரிந்துரை இந்தப் படத்துக்குத்தான், கிடைக்கவில்லை. 'கமீல்' (1936) நேர் எதிர். கார்போ சாகும் காட்சியில் பூத் பொறுமையாக இருக்கிறார். அர்மான் இன்னும் எதிர்காலத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறான், அந்த முகத்தில் உயிர் போவது நமக்கு முதலில் தெரிகிறது. அவனுக்கும் நமக்கும் நடுவே இருக்கும் அந்தச் சில நொடிதான் காட்சி. குகோர், கார்போ என்று எல்லோரையும் பாராட்டுகிறோம். அந்த நொடிகளை அங்கே விட்டுவைத்தது எடிட்டிங் மேஜை.

1939ல் அவர் எம்.ஜி.எம்.மின் எடிட்டிங் மேற்பார்வையாளர் ஆகிறார். 1968 வரை அந்த நாற்காலி. டைட்டிலில் பெயர் அநேகமாக மறைந்துவிடுகிறது. 'தி விஸார்ட் ஆஃப் ஆஸ்' படத்துக்கு எடிட்டர் பிளான்ச் சூவெல். 'பென்-ஹர்' (1959) ஆஸ்கர் ரால்ஃப் வின்டர்ஸுக்கும் ஜான் டன்னிங்குக்கும். ஆனால் இவர் பார்க்காமல் படம் வெளியே போகாது. மறக்கப்பட்டவர் என்கிறார்கள். எனக்கென்னவோ, பெயர் போடத் தேவையில்லாத அளவுக்கு அதிகாரம் இருந்தவர் என்றுதான் தோன்றுகிறது. சிட்னி லூமெட் 'மேக்கிங் மூவீஸ்' புத்தகத்தில், 'தி ஹில்' (1965) முடிந்ததும் பூத்தோடு மல்லுக்கு நின்றதை எழுதியிருக்கிறார். கடுப்பும் மரியாதையும் சம அளவில் கலந்திருக்கும்.

அந்த அதிகாரத்தின் இன்னொரு பக்கம் 'தி ரெட் பேட்ஜ் ஆஃப் கரேஜ்' (1951). ஜான் ஹூஸ்டன் எடுத்து முடித்துவிட்டு 'தி ஆஃப்ரிகன் குயின்' வேலையாக ஆப்பிரிக்கா போய்விட்டார். முன்னோட்டக் காட்சிகளில் ஜனம் சிரித்தது, பாதியில் எழுந்து போனது. ஸ்டுடியோ கத்தரியை எடுத்தது. படம் 69 நிமிஷமாகச் சுருங்கியது. விட்டுப்போனதை இட்டு நிரப்ப மேலே ஒரு வர்ணனைக் குரல். ராயல் டானோ நடித்த கந்தல் சிப்பாயின் மரணம், பார்த்தவர்கள் வியந்த காட்சி, போயே போச்சு. ஹூஸ்டனின் பிரதி இன்றைக்கு இல்லை. முடிவு எடுத்தவர் டோர் ஷாரி, படத்தின் எடிட்டர் பென்ஜமின் லூயிஸ். ஆனால் நடந்தது பூத்தின் துறையில். லில்லியன் ராஸின் 'பிக்சர்' இந்தக் கதையை நாள் நாளாகச் சொல்கிறது, அதில் பூத்தும் வருகிறார். அஞ்சலிக் கட்டுரைகளில் இந்தப் படத்தின் பேரே வராது.

ராத்திரியில் ஒதுக்கிய துண்டுகளைப் பொறுக்கி எடுத்து உயிர் கொடுத்த பெண், பின்னால் துண்டுகளை ஒதுக்கும் துறையின் தலைவி. இதில் முரண் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. இரண்டு இடத்திலும் ஒரே காதுதான் வேலை செய்கிறது. தாளம் தட்டினால் விடமாட்டார். 'பௌன்டி'க்கு அது பொருந்தியது. ஹூஸ்டனின் போர்ப்படம் வேண்டுமென்றே தாளம் தவறும் படம். பயந்து ஓடுகிற பையனைப் பற்றியது. அங்கே அந்தக் காது செவிடு. ஒரு தனி எடிட்டருக்கு இப்படி ஒரு குறை இருந்தால் ஒரு படம் கெடும். அதே குறை ஒரு ஸ்டுடியோவின் சட்டமாக இருந்தால் முப்பது வருஷத்துப் படங்கள் ஒரே நடையில் நடக்கும். ஐம்பதுகளின் எம்.ஜி.எம். படங்களை வரிசையாகப் பார்த்தால் இது புரியும். வழவழப்பு, ஆனா மூச்சு விட இடமில்லை. (இசைப்படங்களுக்கு மட்டும் விதிவிலக்கு. அங்கே தாளம்தானே எல்லாம்.)

எம்.ஜி.எம்.மை விட்ட பிறகு தயாரிப்பாளர் ரே ஸ்டார்க்கிடம் சேர்ந்தார், 'தி வே வி வேர்', 'ஆன்னி' வரை. எழுபதைத் தாண்டிய வயதில் அவர் மேற்பார்வையிட்டவற்றில் 'ஃபேட் சிட்டி'யும் (1972) உண்டு. இயக்கம் ஜான் ஹூஸ்டன். எடிட்டர் வேறொருவர், அதனால் எந்த வெட்டு யாருடையது என்று பங்கு பிரிக்க முடியாது. கடைசிக் காட்சியை மட்டும் பாருங்கள். ராத்திரி, ஒரு காபிக் கடை. தோற்றுப்போன குத்துச்சண்டைக்காரன் ஸ்டேசி கீச் திரும்பி, சீட்டாடிக்கொண்டிருப்பவர்களைப் பார்க்கிறார். சத்தம் அடங்குகிறது, எல்லாம் நின்றுவிடுகிறது. பிறகு அவரும் ஜெஃப் பிரிட்ஜஸும் பேச ஒன்றுமில்லாமல் காபியோடு உட்கார்ந்திருக்கிறார்கள். தாளமே இல்லாத நேரம் அது. 1951ல் கல்வர் சிட்டியில் அதை யாரும் விட்டுவைத்திருக்க மாட்டார்கள். இங்கே இருக்கிறது.