மீண்ட நகரமும் மறைந்த தெருக்களும்

போரில் அழிந்த நகரை மீண்டும் கட்டுவது, செல்லரித்த ஏட்டைப் பதிப்பிப்பது போன்றது. எஞ்சியதைக் காப்பதும், இழந்ததை இழந்ததென்றே குறிப்பதும் நல்ல பதிப்பாசிரியரின் கடன். போலந்தின் தலைநகராகிய வார்சாவை இவ்வளவுகோல் கொண்டு நோக்கினால், வியப்பும் வருத்தமும் ஒருங்கே தோன்றும்.

1944ஆம் ஆண்டு எழுச்சியை ஒடுக்கிய ஜெர்மானியப் படை, எஞ்சிய தெருக்களையும் எரித்தும் வெடிவைத்தும் தகர்த்தது. 1945 ஜனவரியில் சோவியத் படை நுழைந்தபோது, நகரில் ஏறத்தாழ நூற்றுக்கு 85 பங்கு பாழாகிக் கிடந்தது. அவ்வாண்டே புதிய ஆட்சி, தலைநகர்ச் சீரமைப்பு அலுவலகத்தை நிறுவியது. அக்டோபரில் ஓர் ஆணையால் நகர நிலத்தைப் பொதுவுடைமையாக்கியது.

பழைய நகர்ப் பகுதி எழுந்த வரலாறு போற்றுதற்குரியது. போருக்கு முன் கட்டடக்கலை மாணவர் வரைந்த அளவுப் படங்களும், பதினெட்டாம் நூற்றாண்டில் பெலோட்டோ தீட்டிய ஓவியங்களும் கட்டுவோர்க்குக் கைவிளக்காயின. 1953இல் சந்தைச் சதுக்கம் திறக்கப்பட்டது. முகப்பு பழமையாயினும், உள்ளே மக்கள் வாழப் புதிய வீடுகள் அமைந்தன. 1980இல் யுனெஸ்கோ அப்பகுதியை உலக மரபுச் சின்னங்களுள் ஒன்றாக ஏற்றது.

ஆயினும், எல்லாம் மீட்கப்படவில்லை, தேர்ந்தவையே மீட்கப்பட்டன. முதலாளித்துவத்தின் அடையாளமெனக் கருதப்பட்ட பத்தொன்பதாம் நூற்றாண்டுக் குடியிருப்புகள் பல, பழுதுபார்க்கக் கூடியவையாயிருந்தும் இடிக்கப்பட்டன. மன்னர் மாளிகையைக் கட்டும் முடிவு 1971இல்தான் வந்தது. அதற்கு முன்பே, 1955இல், சோவியத் கொடையாகிய 237 மீட்டர் உயரப் பண்பாட்டு மாளிகை நகர நடுவில் நிமிர்ந்துவிட்டது.

இவற்றினும் ஆழ்ந்து எண்ணத்தக்கது முரானோவ். நாஜிகள் யூதர்களை மதிலுக்குள் அடைத்து வைத்துப் பின்னர்த் தரைமட்டமாக்கிய பகுதி அது. அங்கே புதிய குடியிருப்பை வகுத்த போதான் லாகெர்ட், இடிபாட்டு மேடுகளின்மேலேயே, நொறுங்கிய செங்கல்லைக் கலந்து செய்த கற்களால் வீடுகளை எழுப்பினார். சுவர்களுக்குப் பூச்சு வேண்டா, கல்லே நடந்ததைச் சொல்லட்டும் என்பது அவர் கருத்து. சில ஆண்டுகளில் அச்சுவர்களுக்கும் பூச்சு ஏறியது.

கெட்டோ வீரர்க்கு 1948இலேயே நினைவுச் சின்னம் எழுந்தது உண்மை. வீடற்றோர்க்கு விரைந்து வீடளித்த ஆட்சியின் உழைப்பைக் குறைத்துரைப்பதும் தகாது. ஆனால், வீரர்க்குச் சிலை வைப்பது வேறு. எளிய மக்கள் வாழ்ந்து மடிந்த தெருவை நினைவில் நிறுத்துவது வேறு. சந்தைச் சதுக்கத்தில், இருந்ததைத் திரும்பப் படைத்தார்கள். முரானோவில் ஏட்டின் வெற்றிடத்தைக் காட்டிய அரிய பதிப்பு ஒன்று கிடைத்தும், அதன்மேல் சாந்து பூசிவிட்டார்கள். வார்சாவின் பெருஞ்சாதனையில் நேர்ந்த பெருங்குறை இதுவே.