துறையைக் கடப்பவர்கள்

போருக்குப் பின் மீண்டெழுந்த நகரோரக் குடியிருப்புகளைப் பற்றி ஈழத்துத் தமிழில் எழுதப்படுவனவற்றைப் படிக்கையில், அங்கே ஆண்டுக்கு இரண்டே நாட்கள்தாம் உண்டோ என்று நாம் ஐயுற வேண்டியிருக்கிறது. ஒன்று நாடா வெட்டும் நாள். மற்றது பிணம் எடுக்கும் நாள். இடைப்பட்ட நாட்களில் அம்மக்கள் எவ்வாறு வாழ்கிறார்கள் என்பது எழுத்தில் இடம்பெறுவதில்லை. திருகோணமலைத் துறைமுகப் பிரதேசத்துக் குறிஞ்சாக்கேணியை முன்வைத்து இக்குறையைச் சற்று நோக்குவோம்.

கிண்ணியாவை அடுத்துள்ள இக்குடியிருப்பை நகரிலிருந்து பிரித்து நிற்பது நீர். 2004 டிசம்பர் 26இல் வந்த ஆழிப்பேரலை கிண்ணியா வைத்தியசாலையையும் விட்டுவைக்கவில்லை. 2006இல் அயலூரான மூதூரின் மக்கள் குண்டுவீச்சுக்கு அஞ்சி ஊரைவிட்டே வெளியேறினர். 2009 மே மாதம் போர் முடிந்தது. அவ்வாண்டு ஒக்டோபரிலேயே, சவூதி அரேபியாவின் உதவியோடு கட்டப்பட்ட 396 மீற்றர் நீளமான கிண்ணியாப் பாலம் திறக்கப்பட்டது. திருகோணமலைக்குச் செல்ல மிதவைப் பாதைக்காகக் காத்து நின்ற மக்களுக்கு அது மெய்யான நன்மையே. அதை மறுப்பவர் அத்துறையில் ஒருநாளும் வெயிலில் நின்றிராதவர்.

ஆயினும் பெரிய பாலம் வந்த ஊரில் சிறிய துறை அப்படியே கிடந்தது. 2021 நவம்பர் 23ஆம் நாள் காலை, பாலவேலை நடந்துகொண்டிருந்த குறிஞ்சாக்கேணியில், மக்களை ஏற்றிச் சென்ற இழுவைப் படகு கவிழ்ந்தது. பள்ளிக்குப் புறப்பட்ட பிள்ளைகளும் மாண்டனர். அதன் பின்னரே குறிஞ்சாக்கேணி என்றொரு பெயர் தென்னிலங்கைக்கும் யாழ்ப்பாணத்துக்கும் தெரியவந்தது. கண்ணீர்க் கவிதைகளைக் கண்டோம். அவற்றின் உண்மையுணர்வை நாம் ஐயுறவில்லை. ஆனால் அவற்றில் கடல் கொடியதாகிறது, விதி கொடியதாகிறது. அனுமதி வழங்கியவரும், பாதுகாப்புக் கவசமின்றிப் படகை ஓடவிட்டவரும் எந்த அடியிலும் அகப்படுவதில்லை. அங்கே அலை எந்தக் குற்றமும் செய்யவில்லை.

இதே மண்ணில் வேறொரு மரபு இருந்ததை நாம் மறந்துவிடலாகாது. மூதூர் ஆசிரியரான வ. அ. இராசரத்தினத்தின் ‘தோணி’ என்னும் சிறுகதை கடலின் அழகைப் பாடுவதோடு நின்றுவிடவில்லை. தோணி யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியிலிருந்தே அதன் துயரம் பிறக்கிறது. அறுபதுகளில் ‘மண்வாசனை’ என்று நம்மவர் வாதாடியதன் சாரமும் இதுவே. பின்வந்தோர் அதைப் பேச்சுவழக்கென்றும் மீன்வாடையென்றும் சுருக்கிக்கொண்டனர். (வட்டார அகராதி கைவசமிருந்தால் யதார்த்தம் தானே வந்துவிடும் என்று நம்புவோர் இன்னும் இருக்கிறார்கள்.)

குறிஞ்சாக்கேணியை எழுத விழைபவர் ஜனாஸாத் தொழுகையிலிருந்து தொடங்க வேண்டியதில்லை. விடியற்காலையில் துறையில் நிற்கும் ஆசிரியையிடமிருந்து தொடங்கலாம். படகுக்கூலி ஒரு மாதத்தில் அவளுடைய சம்பளத்தில் எவ்வளவைத் தின்கிறது? இரவில் பிரசவ வேதனை கண்டவளை யார் படகேற்றுகிறார்கள்? அக்கரைக் கடைக்காரர் எவருக்குக் கடன் கொடுக்கிறார், எவருக்கு மறுக்கிறார்? பள்ளிவாசல் நிர்வாகத்தில் படகுக்காரரின் சொல் எடுபடுகிறதா, நிலமுள்ளவரின் சொல்லா? துறையில் ஒன்றாய் நிற்பவர்கள் பாலத்துக்காக ஒன்றாய்க் கையொப்பமிட்டது எப்போது, எவர் வீட்டுத் திண்ணையில்?

இவற்றை விசாரித்து எழுதப்பட்ட ஒரு நாவலை, அது எத்தனை கரடுமுரடாக இருந்தாலும், நாம் வரவேற்போம்.