பாட்டு இல்லாத கேசட்

மல்லாங்கிணற்றில் எங்கள் வீட்டு டேப் ரெக்கார்டர் பக்கத்தில் கிடந்த கேசட் ஒன்றின் மேல் சித்தப்பா பேனாவால் 'ராஜா – பாட்டு இல்ல' என்று எழுதிவைத்திருந்தார். விருதுநகரில் பதியக் கொடுத்து வாங்கியது. அதன் உண்மையான பெயர் 'ஹவ் டு நேம் இட்?' என்று கல்லூரிக்குப் போனபிறகுதான் தெரிந்தது. எப்படிப் பெயர் வைப்பது என்று கேட்கிற ஆல்பத்துக்குச் சித்தப்பா வைத்த பெயர் ஒன்றும் மோசமில்லை.

போன மாதம் அலுவலக நண்பன் அனுப்பிய 'ரிலாக்ஸ்' பட்டியல் ஒன்றில், மழைச் சத்தத்துக்கும் திபெத்தியக் கிண்ண ஒலிக்கும் நடுவே இதைப் பார்த்தேன். கோபம்தான் வந்தது. இளையராஜா சினிமாவுக்கு வெளியே இதைச் செய்தது 1986இல். அடுத்த வருடம் கிராமி விருதில் 'நியூ ஏஜ்' என்றொரு பிரிவே தொடங்குகிறது. வார்த்தை இல்லை, சினிமா இல்லை, கொஞ்சம் ஆன்மிக வாசனை உண்டு. அந்த அலமாரியில் வைக்கத் தோன்றுவது புரிகிறது. ஆனால் நியூ ஏஜ் இசை பெரும்பாலும் நம்மிடம் எதையும் கேட்பதில்லை. இது கேட்கிறது. பின்னணியில் ஓடவிட்டு என்னால் பத்து வரி கோட் எழுத முடிந்ததில்லை.

ஆல்பம் தியாகராஜருக்கும் பாக்குக்கும் சமர்ப்பணம். பாக் இறந்தது 1750. தியாகராஜர் பிறந்தது 1767. இருவரையும் ஒரே அறையில் உட்காரவைக்க ஒரு பொதுவான ஆள் வேண்டும். அந்த ஆள் வயலின். முத்துஸ்வாமி தீட்சிதரின் தம்பி பாலுஸ்வாமி, ஐரோப்பியரிடம் கற்று நம் பக்கம் கொண்டுவந்த வாத்தியம். இங்கே வந்ததும் அது தரையில் உட்கார்ந்துகொண்டது, சுருதியை மாற்றிக்கொண்டது, கமகம் பேசப் பழகியது. இந்த ஆல்பத்தில் வி. எஸ். நரசிம்மனின் வில் அதன் பிறந்த வீட்டுக்கும் புகுந்த வீட்டுக்கும் போய்வருகிறது. இரண்டு வீட்டிலும் விருந்தாளியாக இல்லை, அதுதான் விசேஷம்.

'ஐ மெட் பாக் இன் மை ஹவுஸ்' கேளுங்கள். பாக்கின் மூன்றாம் பார்ட்டிட்டாவின் தொடக்கம், தனி வயலினுக்கு எழுதப்பட்டது. அதைச் சுற்றி ராஜா வேறு குரல்களை எழுப்புகிறார். பாக் மேல் கைவைக்கலாமா என்று கேட்பவர்களுக்கு: பாக்கே இதே பகுதியை 1731இல் தன் 29ஆம் கன்டாட்டாவில் ஆர்கனுக்கும் வாத்தியக் குழுவுக்குமாக மாற்றி எழுதியவர். அவர் கோபித்திருக்கமாட்டார்.

'மேட் மாட் மூட் ஃபியூக்' இன்னொரு விதம். ஊரில் கும்மி பாடும்போது ஒருத்தி அடி எடுத்துக் கொடுப்பாள், மற்றவர்கள் திருப்பிப் பாடுவார்கள். அந்நேரம் முதலாமவள் சும்மா நிற்பாள். ஃபியூக்கில் அவள் நிற்கமாட்டாள். இரண்டாமவள் அதே அடியை வேறு சுருதியில் பிடிக்கும்போது இவள் அடுத்த பேச்சுக்குப் போய்விடுவாள். மூன்றாமவளும் வந்துவிட்டால் யாரைக் கேட்பது? ராகம் ஒற்றைக் கோட்டில் வளர்கிற இசை. அதை இப்படிப் பல வாய்களுக்குப் பங்குபோட்டால் சிதறிவிடும் என்பது நியாயமான பயம். சிதறவில்லை. ஒவ்வொரு குரலையும் தனியாகப் பாடிப் பார்க்கலாம், ஒவ்வொன்றும் மெட்டாகவே நிற்கும்.

எல்லாம் சரியாக வந்திருக்கிறது என்று சொல்லமாட்டேன். சில இடங்களில் தாளக் கருவிகள் நுழைந்ததும் எண்பதுகளின் பாட்டு இடையிசை ஞாபகம் வந்துவிடுகிறது. யாராவது பாடத் தொடங்குவார்களோ என்று காது காத்திருக்கிறது. 'டோன்ட் கம்பேர்' என்று ஒரு தலைப்பு வேறு. விமர்சகன் வாயைத் திறக்கும் முன்பே அடைப்பது மாதிரி. பாக்கைத் தன் வீட்டுக்குள் கூப்பிட்டவருக்கு அந்தப் பதற்றம் தேவையே இல்லை.

இது ஓய்வுக்கான இசை இல்லை என்பதற்கு பாலு மகேந்திராவின் 'வீடு' (1988) சாட்சி. பாட்டே இல்லாத படம். சென்னையில் சொந்தமாக ஒரு வீடு கட்ட முயல்கிற சுதாவின் கதைக்குப் பின்னணியாக இந்த ஆல்பத்தின் இசையையே எடுத்துக்கொண்டார். சிமென்ட், கடன், கான்ட்ராக்டர், நின்றுபோன சுவர் – இவற்றுக்காக எழுதப்படாத இசை அங்கே போய் ஒட்டிக்கொண்டது. தியான இசையைப் போட்டிருந்தால் அந்தச் சுவர் வெறும் அழகான சுவர் ஆகியிருக்கும்.

கேட்கப்போகிறவர்கள் ஷஃபிளை அணைத்துவிடுங்கள். பாக்கைச் சந்தித்ததற்கு அடுத்து வருவது 'அண்ட் வி ஹேட் எ டாக்'. சித்தப்பாவின் கேசட்டில் அந்த வரிசை மாற வழியில்லை. சந்தித்தால் பேசித்தான் ஆகவேண்டும்.