சில்லு ‘படிக்கிறது’ என்பது தகுமா?

அறிவியற் செய்திகளைத் தமிழில் தருவோர் அண்மைக் காலத்தில் ஒரு சொல்லாட்சியைத் தயக்கமின்றிக் கையாண்டு வருகின்றனர். நகத்தளவுச் சில்லு ஒன்று மனிதனின் மரபணுக்களைப் ‘படித்து’, வரவிருக்கும் நோயை முன்னரே கூறிவிடுகிறது என்கின்றனர். மரபணுத் தொகுதியை ஒரு நூலாகவும் சில்லை அதன் வாசகனாகவும் உருவகம் செய்வது கேட்பதற்கு இனிமையாகவே இருக்கிறது. வகுப்பறையில் விளக்குவதற்கும் எளிது. ஆயினும் உருவகம் செய்யுளில் பிழைத்தால் சுவை மட்டுமே கெடும். மருத்துவத்தில் பிழைத்தால் உயிருக்கே ஊறு நேரும். ஆதலின் இந்தப் ‘படித்தல்’ என்னும் வினையைச் சற்று ஆராய்வது தமிழாசிரியர்க்குப் புறம்பான வேலை ஆகாது.

‘சில்லு’ என்னும் பெயரில் எமக்குக் குறையில்லை. உடைந்த ஓட்டுத் துண்டைச் சில்லு என்பர். சிறுமியர் தரையில் கட்டம் கீறி எறிந்து ஆடுவதும் அதுவே. கட்டங்களையுடைய சிறு துண்டுக்கு அப்பெயர் தானாகவே வந்து பொருந்திற்று. இந்தச் சில்லின்மேல் ஆயிரக்கணக்கில், சிலவற்றில் இலட்சக்கணக்கில், கண்ணுக்குப் புலப்படாத புள்ளிகள் உள்ளன. ஒவ்வொரு புள்ளியிலும் முன்பே அறியப்பட்ட ஒரு டி.என்.ஏ. இழைத்துண்டு ஒட்டப்பட்டிருக்கும். டி.என்.ஏ.வின் நான்கு எழுத்துகளுள் ‘ஏ’ என்பது ‘டி’யோடும், ‘சி’ என்பது ‘ஜி’யோடும் மட்டுமே இணை சேரும். நோயாளியின் டி.என்.ஏ.வைப் பெருக்கித் துண்டாக்கி, ஒளிரும் சாயம் ஏற்றிச் சில்லின்மேல் விட்டால், இணை கண்ட துண்டுகள் ஒட்டிக்கொள்ளும். மற்றவை கழுவப்பட்டுப் போகும். பின்னர் லேசர் ஒளி பாய்ச்சி எப்புள்ளி ஒளிர்கிறது, எவ்வளவு ஒளிர்கிறது என்று கணிப்பொறி குறித்துக்கொள்ளும். முறையில் சிறு சிறு வேறுபாடுகள் உண்டெனினும் சில்லின் தொழில் சாரமாக இவ்வளவே.

இதன் பிறப்பு வரலாறும் சுவையுடையது. 1991இல் அமெரிக்காவில் ஸ்டீவன் போடரும் அவர்தம் தோழரும் ஒளியைக் கொண்டு ஒரு கண்ணாடியின்மேல் 1,024 சிறு புரதத் துண்டுகளை உருவாக்கி, அவற்றுள் எதனோடு ஓர் எதிர்ப்பொருள் சென்று ஒட்டுகிறது என்று பார்த்தனர். 1995இல் ஸ்டான்போர்டுப் பல்கலைக்கழகத்தில் பேட்ரிக் பிரவுன் குழுவினர் ஒரு சிறு செடியின் 45 மரபணுக்களைக் கண்ணாடியில் புள்ளியிட்டு, அவை எந்த அளவில் இயங்குகின்றன என்று ஒருங்கே அளந்தனர். இவ்வகைப் புள்ளியிடும் பொறிகளின் ஊசிகள் ஊற்றுப்பேனாவின் முள்ளைப் போல் நுனி பிளந்தவை என்பது எழுதுகோலோடு பழகிய நமக்கு மகிழ்ச்சி தரும் செய்தி. எதிர்ப்பொருட் சோதனையும் மரபணுச் சோதனையும் ஒரே குடியிற் பிறந்தவை என்பதை இங்கே குறித்துக்கொள்க.

இனி, படித்தல் என்பது யாது? ஏட்டுச் சுவடிகளைப் பதிப்பித்தோர் பணியை நினைவுகூர்ந்தால் வேறுபாடு தெளிவாகும். 1887இல் சீவக சிந்தாமணியை அச்சேற்றிய உ. வே. சாமிநாதையர் கிடைத்த ஏடுகளை வரிவரியாகப் படித்தார். பல படிகளை ஒன்றோடொன்று ஒப்புநோக்கிப் பாடவேறுபாடுகளைத் திரட்டினார். பிற்காலத்தில் வேறொருவர் வருகிறார் என வைத்துக்கொள்வோம். முன்னோர் திரட்டிய பாடவேறுபாட்டுப் பட்டியல் அவர் கையில் இருக்கிறது. புதிதாகக் கிடைத்த ஏட்டை எடுத்து, பட்டியலில் குறித்த இடங்களை மட்டும் புரட்டி, இங்கே இருப்பது இந்தப் பாடமா அந்தப் பாடமா என்று பார்த்துவிட்டுக் கட்டி வைத்துவிடுகிறார். விரைவான வேலை; செலவும் குறைவு. ஆனால் பட்டியலில் இல்லாத ஓரிடத்தில் ஏடெழுதினோன் ஒரு வரியையே விட்டிருந்தால் அவர் அதனை அறியார். அவர் அந்த ஏட்டைப் ‘படித்தார்’ என்று நாம் கூறுவோமா?

சில்லு செய்வது இந்த இரண்டாமவரின் வேலை. டி.என்.ஏ.வின் எழுத்துகளை ஒன்றன்பின் ஒன்றாக அறிந்து செல்லும் முறை வேறு. அதனை வரிசையறிதல் என்பர். பொதுமக்களிடையே இரண்டும் ‘மரபணுச் சோதனை’ என்னும் ஒரே பெயரால் வழங்குகின்றன. குழப்பத்தின் வேர் இங்கேதான் இருக்கிறது.

மார்பகப் புற்றுநோயோடு தொடர்புடைய பி.ஆர்.சி.ஏ.-1, பி.ஆர்.சி.ஏ.-2 என்னும் இரு மரபணுக்களை எடுத்துக்கொள்வோம். இவற்றில் நோய்க்கு இடந்தரும் மாற்றங்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை அறியப்பட்டுள்ளன. 2018 மார்ச்சில் அமெரிக்க உணவு மருந்து நிருவாகத்துறை, மருத்துவர் சீட்டு இல்லாமலே எச்சிலை அனுப்பிப் பெறத்தக்க ஒரு சோதனைக்கு இசைவளித்தது. ‘டுவென்ட்டி த்ரீ அண்ட் மீ’ என்னும் நிறுவனத்தின் அச்சோதனை பார்த்த மாற்றங்கள் எத்தனை என்று நினைக்கிறீர்கள்? மூன்று! அவையும் அஷ்கெனாசி யூத மரபினரிடம் மிகுதியாகக் காணப்படுபவை. 2023இல் அந்த எண்ணிக்கை 44 ஆக உயர்த்தப்பட்டது. முதலில் இசைவளித்த காலத்திலேயே, இச்சோதனையில் ‘காணப்படவில்லை’ என வந்தாலும் ஆயிரத்துக்கு மேற்பட்ட பிற மாற்றங்கள் இருக்கக்கூடும் என அத்துறை எச்சரித்தது. அறிக்கை வந்தது; அதில் ‘காணப்படவில்லை’ என்றிருந்தது; ‘எனக்கு அந்தக் குறை இல்லை’ என்று ஒரு பெண் மனநிறைவு கொண்டாள் என்றால், பிழை யாருடையது? சில்லு பொய் சொல்லவில்லை. தன்னிடம் கேட்கப்பட்ட மூன்று வினாக்களுக்கு அது விடை கூறிற்று. அது முழு நூலையும் படித்துவிட்டது என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்த உருவகமே பொய் சொன்னது. யூத மரபைச் சாராத நம் பெண்டிர்க்கு அந்த மூன்று வினாக்களால் கிடைத்திருக்கக்கூடிய தெளிவு மிகச் சிறிது.

‘இல்லை’ என்பதில் உள்ள இடர் இது. ‘உண்டு’ என்பதிலும் இடர் உண்டு. அதனைப் பலர் அறியார். பிரிட்டனின் உயிர்வங்கியில் சேர்ந்தோருள் 49,908 பேருடைய சில்லு முடிவுகளை அவர்களின் வரிசையறிதல் முடிவுகளோடு எக்செட்டர்ப் பல்கலைக்கழகத்தார் ஒப்பிட்டு 2021இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வெளியிட்டனர். பலரிடமும் பரவலாகக் காணப்படும் மாற்றங்களில் சில்லு செவ்வையாகவே பணி செய்தது. ஆனால் இலட்சத்தில் ஒன்றுக்கும் குறைவான மிக அரிய மாற்றங்களில், சில்லு ‘உண்டு’ என்று கூறியவற்றுள் நூற்றுக்கு 16 மட்டுமே உண்மையாயின. பி.ஆர்.சி.ஏ. மரபணுக்களின் அரிய மாற்றங்களில் அந்த விழுக்காடு 4.2 தான். ‘உனக்குப் புற்றுநோய் மரபணு உண்டு’ என்று சில்லின் சொல்லை மட்டும் நம்பி ஒரு பெண் மார்பகத்தை அகற்றிக்கொள்ள முற்பட்டால் என்னாவது?

இதன் காரணமும் சுவடியோடு ஒப்பிட விளங்கும். ஒளியின் அளவை எழுத்தாக மாற்றுவது கணிப்பொறியின் கணிப்பு. நூற்றுக்கணக்கானோர் ஒரே மாற்றத்தை உடையவராயின், அவர்தம் ஒளிப்புள்ளிகள் ஒரு கூட்டமாகத் திரண்டு நிற்கும். பொறி ஐயமின்றிப் பிரித்தறியும். ஐம்பதினாயிரவருள் ஒருவர்க்கே இருக்கக்கூடிய மாற்றத்துக்கு அத்தகைய கூட்டம் இல்லை. சற்றுப் பிறழ்ந்து ஒளிர்ந்த புள்ளியையும் அது மாற்றம் என்றே எண்ணிவிடும். மெய்யெழுத்துக்குப் புள்ளியிடாத பழைய ஏட்டில், பூச்சி அரித்த துளையைப் புள்ளியெனக் கொண்டு புதுப்பாடம் கண்டவர் போல என்க. அதனாலேயே, சில்லில் கண்ட அரிய மாற்றத்தை வரிசையறிதலால் உறுதி செய்யாமல் சிகிச்சையில் இறங்கலாகாது என்பர் அறிஞர்.

இவ்வளவும் கூறியது சில்லைப் பழிப்பதற்கன்று. வினா நன்றாயின் விடையும் நன்றாகவே வரும். வளர்ச்சி குன்றிய குழந்தைகளையும், மதியிறுக்கம் உடைய குழந்தைகளையும், பிறவிக் குறைகள் பல உடைய குழந்தைகளையும் ஆராயும்போது, நிறப்புரிகளை நுண்பெருக்கியில் பார்க்கும் பழைய முறைக்கு மாற்றாகச் சில்லையே முதற் சோதனையாகக் கொள்ள வேண்டும் என்று 2010இல் பன்னாட்டு அறிஞர் குழுவொன்று பரிந்துரைத்தது. டவுன் நோய்க்குறி போன்று பார்த்தவுடன் புலப்படுவன நீங்கலாக, பழைய முறையில் நூற்றுக்கு ஏறத்தாழ 3 குழந்தைகளுக்கே காரணம் தெரிந்தது. சில்லினால் 15 முதல் 20 குழந்தைகளுக்குத் தெரிகிறது. பெயரே அறியாத நோயோடு ஆண்டுக்கணக்கில் அலைந்த பெற்றோர்க்கு இது சிறிய பேறன்று. இங்கே சில்லைக் கேட்கும் வினா வேறு. சுவடியில் ஏதேனும் ஓலை குறைகிறதா, ஏதேனும் ஓலை இருமுறை எழுதிக் கட்டப்பட்டிருக்கிறதா என்பதே அவ்வினா. எனினும் ஓலை ஒன்றும் குறையாமல் மிகாமல், இரண்டின் இடம் மட்டும் மாறிக் கட்டப்பட்டிருந்தால் சில்லு அதனைக் காணாது. எண்ணிக்கை சரியாக இருக்கிறதன்றோ! கரு பலமுறை கலைந்த தம்பதியரை ஆராய்வதில் பழைய நுண்பெருக்கி முறைக்கு இன்னும் மதிப்பிருப்பது இதனாலேயே.

எதிர்ப்பொருட் சில்லுக்கு வருவோம். இதில் புள்ளிகள் புரதங்கள். அவற்றின்மேல் விடுவது நோயாளியின் குருதி நீர். ஒவ்வாமையை ஆராயும் சில்லு ஒன்றில் 112 புரதங்கள் உள்ளன. ஒரு துளியினும் குறைந்த குருதி நீரே அதற்குப் போதும். சிறு குழந்தைகளுக்கு இது எத்துணை நன்மை! ஆனால் இங்கும் ‘உண்டு’ என்னும் சொல் அளவு கடந்து பேசுகிறது. எதிர்ப்பொருள் என்பது உடல் ஒரு பொருளைச் சந்தித்து எதிர்வினை ஆற்றியதன் அடையாளம். அது மட்டுமே நோய் ஆகாது. இறாலில் உள்ள டிரோப்போமயோசின் என்னும் புரதமும் வீட்டுத் தூசியில் வாழும் உண்ணியின் புரதமும் உருவில் நெருங்கியவை. தூசியுண்ணியால் தும்மித் திரியும் ஒருவர்க்குச் சில்லில் இறாற்புள்ளியும் ஒளிரலாம். அவரோ வாரந்தோறும் இறால் உண்டு நலமாக இருப்பவராக இருக்கலாம்! அறிக்கையைப் பார்த்தவுடன் பிள்ளையின் தட்டிலிருந்து ஒவ்வொன்றாக உணவைப் பறிக்கும் தாய்மார்க்கு, உண்டபின் உடலில் என்ன நிகழ்ந்தது என்பதையும் கேட்ட பின்னரே ஒவ்வாமை என முடிவு செய்ய வேண்டும் என்பதைத் தமிழில் எடுத்துரைப்போர் வேண்டும்.

ஆகவே ஒரு பரிந்துரை. சில்லின் தொழிலுக்குப் ‘படித்தல்’ என்பதை விடுத்து ‘ஒப்புநோக்கல்’ என்போம். அச்சகத்திலும் ஏட்டுப் பதிப்பிலும் நெடுநாள் பழகிய சொல் அது; மூலம் ஒன்று முன்னரே கையில் இருக்கிறது என்னும் பொருளையும் அது தன்னுள் கொண்டுள்ளது. எழுத்தெழுத்தாக அறியும் முறைக்கே வாசிப்பு என்னும் பெயரை ஒதுக்குவோம். ‘நோய்க்கூறு இல்லை’ என்று எழுதுமிடத்தில் ‘தேடிய இடங்களில் காணப்படவில்லை’ என்றும், ‘ஒவ்வாமை உண்டு’ என்னுமிடத்தில் ‘இப்புரதத்துக்கு எதிர்ப்பொருள் காணப்பட்டது’ என்றும் எழுதுவோம். தொடர் நீள்கிறதே என்பார் சிலர். நீளட்டும், மருந்துச் சீட்டில் அளவைச் சுருக்கி எழுதுவோர் இல்லை.

எஞ்சியது ஒன்று. சில்லிலும் வாசிப்பிலும், நன்மையோ தீமையோ என்று எவரும் துணிந்து கூறமாட்டாத மாற்றங்கள் தென்படுவதுண்டு. ஆய்வாளர் அவற்றுக்குத் தனி வகுப்பே வைத்துள்ளனர். சிலர் தமிழில் அவற்றை ‘ஐயத்துக்கிடமான மாற்றம்’ என்று பெயர்த்து, நோயாளியை வீணே அஞ்ச வைக்கின்றனர். பழம்பாடல்களைப் பதிப்பித்தோர் பொருள் புலப்படாத இடத்தில் ‘விளங்கவில்லை’ என்று அடிக்குறிப்பு எழுதினர். அவ்விடங்களுட் சிலவற்றுக்குப் பின்வந்தோர் பொருள் கண்டனர். இந்த மாற்றங்களும் அவ்வாறே. ஆண்டுகள் செல்லச் செல்ல, இவற்றுட் பல தீங்கற்றவை என்றும் சில தீயவை என்றும் மறுவகை செய்யப்படுகின்றன. ஆகவே ‘பொருள் விளங்காத மாற்றம்’ என்று எழுதுவதே பொருந்தும். அத்தகைய அறிக்கையைப் பெற்றவர் அதனைப் பெட்டியில் பூட்டி வைக்காமல், சில ஆண்டுகள் கழித்து மீண்டும் மருத்துவரிடம் காட்டிக் கேட்பது நன்று.