தள்ளி நிற்கும் கேமரா: மரியா ஷ்ராடரின் இரட்டை ஆட்டம்

பிரேசிலின் பெட்ரோபோலிஸ் நகரில் 1942-இல் எழுத்தாளர் ஸ்டெஃபான் ஸ்வைக்கும் மனைவியும் தற்கொலை செய்துகொண்டார்கள். ‘ஃபேர்வெல் டு யூரோப்’ (2016) படம் அங்கேதான் முடிகிறது. வேறு இயக்குநராக இருந்தால் கட்டிலருகே போய் நின்றிருப்பார். மரியா ஷ்ராடரோ கேமராவைத் தள்ளியே நிறுத்திவிட்டார். ஆட்கள் வந்து போகிறார்கள். அலமாரிக் கதவு திறக்கும்போது அதிலுள்ள கண்ணாடியில் கட்டில் தெரிகிறது. அவ்வளவுதான். இந்த ஜெர்மன் கலைஞரின் ஆட்டத்தை எடைபோட எனக்கு இந்தக் காட்சி ஒன்றே போதும்.

ஆல்ரவுண்டர் என்றாலே பேட்டிங், பந்துவீச்சு இரண்டில் ஒன்று சற்று மட்டமாகத்தான் இருக்கும் என்று நாம் நினைப்பதுண்டு. நடிப்பு, இயக்கம் இரண்டிலும் ஆடும் ஷ்ராடரிடம் அந்தக் கணக்கு செல்லாது. 1965-இல் ஹானோவரில் பிறந்து, வியன்னாவில் நடிப்புப் பயின்றவர். டோரிஸ் டோரியின் ‘நோபடி லவ்ஸ் மீ’ (1994) பெயர் வாங்கித் தந்தது. ‘எய்மே அண்ட் ஜாகுவார்’ (1999) அவருடைய உச்சம். நாஜி காலத்து பெர்லினில் அடையாளத்தை மறைத்து வாழும் யூதப் பெண் ஃபெலிஸாக வந்தார். ஃபெலிஸ் சிரித்துக்கொண்டே இருப்பாள். அந்தச் சிரிப்பின் அவசரத்தில்தான் பயம் எட்டிப் பார்க்கும். பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது கிடைத்தது, சக நடிகை யூலியானே கோலருடன் பகிர்ந்து.

இயக்குநராக 2007-இல் அவர் தந்த ‘லவ் லைஃப்’ எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. சூடு உண்டு, பிடிமானம் இல்லை. அடுத்த படத்துக்கு ஒன்பது ஆண்டுகள் ஆயின. நடுவே ‘டாய்ச்லாந்து 83’ தொடரில், உடன்பிறந்தவளின் மகனையே உளவு வேலைக்கு இழுத்துவிடும் கிழக்கு ஜெர்மன் ஏஜென்ட் லெனோராவாகக் கலக்கினார். அந்தத் தொடரை உருவாக்கியவர்களில் ஒருவரான அன்னா விங்கர்தான் பிறகு ‘அன்ஆர்த்தடாக்ஸ்’ (2020) தொடரை ஷ்ராடர் கையில் கொடுத்தார். நான்கே பகுதிகள், பெரும்பாலும் இத்திஷ் மொழி. நாயகி எஸ்டியின் தலையை மழிக்கும் காட்சியில் கேமரா ஷீரா ஹாஸின் முகத்தை விட்டு நகர மறுக்கிறது. புன்னகையும் அழுகையும் ஒரே முகத்தில் வந்து போகின்றன. சாவிலிருந்து தள்ளி நிற்பவர் முகத்துக்கு இவ்வளவு நெருங்கி வருகிறார்! இயக்கத்துக்கான எம்மி விருது வந்தது.

‘ஐ ஆம் யுவர் மேன்’ (2021) படத்தில் ரோபோ காதலனாக டான் ஸ்டீவன்ஸ் ஜெர்மன் பேசுவதைக் கேட்கவே ஒருமுறை பார்க்கலாம். ஆனால் நாயகி மாரன் எகர்ட்டின் சலிப்பும் தயக்கமும்தான் படத்தைத் தாங்குகின்றன. வெள்ளிக் கரடி அவருக்குப் போனது நியாயம்.

ஹாலிவுட்டில் எடுத்த ‘ஷீ செட்’ (2022) வசூலில் படுத்துவிட்டது. அமெரிக்காவில் 2,000-க்கும் மேற்பட்ட அரங்குகளில் வெளியாகியும் முதல் வார இறுதியில் சுமார் 22 லட்சம் டாலர்தான். ஹாலிவுட் தயாரிப்பாளர் ஹார்வி வைன்ஸ்டீனின் பாலியல் கொடுமைகளை நியூயார்க் டைம்ஸ் நிருபர்கள் வெளிக்கொண்டுவந்த கதை. கொடுமையை எங்கும் நடித்துக் காட்டவில்லை. ஆளில்லாத ஹோட்டல் தாழ்வாரங்களின் மேல் வைன்ஸ்டீன் பேசும் உண்மையான ஒலிப்பதிவு ஓடுகிறது. வறட்சியான படம் என்றால் நான் ஒப்ப மாட்டேன். சமந்தா மார்ட்டன் மேஜையருகே உட்கார்ந்து, தன் தோழிக்கு நடந்ததைச் சொல்லும் காட்சியைப் பாருங்கள். பேசுகிற முகத்தை நம்பிக் காத்திருக்க, கேமரா முன் பல ஆண்டுகள் நின்ற ஒருவருக்குத்தான் துணிச்சல் வரும்.